கால்வாயில் காத்திருந்த வாழைக்காய்கள்

வரும் திங்கட்கிழமை இந்த வாழைக்காய் பழுக்கவைக்கும் மண்டபத்துக்கு வேலைக்கு வரப்போகும் தம்பிமாருக்கும் இரண்டு தங்கைமாருக்கும் இதை எழுதுகிறேன்.

முப்பத்திரண்டு வயதில் ஒருவன் பணி அனுபவம் எழுதுவதா என்று, இங்கே பெட்டி இறக்கும் சூசை அண்ணை காரில் வரும் வழியெல்லாம் சிரித்தார். "பென்சன் எடுக்கிற ஆக்கள் எழுதுறதை நீ இப்பவே எழுதுறாய். பேந்து அறுபது வயசில என்ன செய்யப்போறாய், பள்ளிக்கூடம் போகப்போறியோ?" என்றார். கிரின்ஸ்டெட்டிலிருந்து பிராண்டே வரை அவருடைய பழைய காரில் ஆறு வருடம் அவர் பக்கத்தில் இருந்து வந்தவன் நான். அவருடைய பகிடிக்குப் பதில் சொல்லி இதுவரை வென்றதில்லை.

ஆனாலும் எழுதத்தான் வேண்டும். அடுத்த கிழமை முதல் ஓகூஸ் துறைமுகத்தில் ஒரு கப்பல் முகவரின் அலுவலகத்தில் எனக்கு வேலையும் படிப்பும். என் மேசை உங்களில் ஒருவருக்கு வரும். காயைப் பழுக்கவைக்கும் வாயுவை எத்தனை மணிநேரம் திறப்பது, அறையை எத்தனை பாகையில் வைப்பது என்பதெல்லாம் சுவரில் ஒட்டிய தாளில் இருக்கிறது. இரண்டு கிழமையில் கைக்கு வந்துவிடும். சுவரில் இல்லாத ஒன்றைத்தான் சொல்லப்போகிறேன். அது எனக்கு ஒரு தப்பின் வழியாக வந்தது. அந்தத் தப்புக்கு இன்றுவரை நன்றியோடு இருக்கிறேன்.

முதலில் அந்தக் கால்வாயைப் பற்றிச் சொல்லவேண்டும்.

இங்கே நீங்கள் திறக்கப்போகும் பெட்டிகளில் பெரும்பாலானவை தென் அமெரிக்காவின் மேற்குக் கரையில், பசிபிக் பக்கத்தில், கப்பலேறியவை. நாங்கள் இருப்பது அட்லாண்டிக் பக்கம். நடுவே ஒரு கண்டமே குறுக்கே கிடக்கிறது. பனாமாவில் அதன் மெலிந்த இடுப்பை வெட்டி, கப்பலைத் தண்ணீரால் படிப்படியாகத் தூக்கி, ஓர் ஏரியில் மிதக்கவிட்டு, மறுபக்கக் கடலில் இறக்கிவிடுகிறார்கள். அந்த வெட்டு இல்லையென்றால் கப்பல் கண்டத்தின் அடிவரை போய்ச் சுற்றி வரவேண்டும். அவ்வளவு காலம் எந்த வாழைக்காயும் பச்சையாக இராது. டென்மார்க்கில், இந்த யூட்லாந்துப் பக்கத்தின் ஒரு சின்ன ஊரில் ஒரு தாய் பிள்ளையின் சாப்பாட்டுப் பெட்டிக்குள் மலிவாக ஒரு வாழைப்பழம் வைக்கிறாள் என்றால், உலகத்தின் மறுபக்கத்தில் ஒரு மதகு அன்று நேரத்துக்குத் திறந்திருக்கிறது என்று அர்த்தம். கோதுமையும் காரும் அதே வழியில்தான் போகின்றன. அவை வரிசையில் ஒரு கிழமை நின்றால் ஒரு கிழமை பிந்தி வரும், அவ்வளவுதான். வாழைக்காய் அப்படி இல்லை.

நான் மன்னார்க்காரன். எங்கள் வீட்டுக்கு முன்னாலுள்ள கடலில் சில இடங்களில் இடுப்பளவு தண்ணீரில் வெகுதூரம் நடந்தே போகலாம். பெரிய கப்பல் எதுவும் அந்தப் பக்கம் வராது. இலங்கையை முழுதாகச் சுற்றிக்கொண்டுதான் போகும். அதனால் ஒரு கால்வாய் என்ன செய்யும் என்பதை, கால்வாய் இல்லாத இடத்தில் பிறந்த எனக்கு யாரும் விளக்கவேண்டியிருக்கவில்லை. எனக்கு விளங்காமல் இருந்தது வேறு ஒன்று.

எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போய்ப் படித்து முடித்த முதல் ஆள் நான். ஐயா கைநாட்டு. வீட்டுக்கு ஒரு கடிதம் வந்தால், நான் பள்ளி விட்டு வரும்வரை அது பிரிபடாமல் யேசு படத்துக்குப் பின்னால் செருகியிருக்கும். நான் வந்து, கைகால் கழுவி, வாசிக்கும்போது எல்லோரும் எழும்பி நிற்பார்கள். தாளில் இருப்பது உண்மை, தாளில் இல்லாதது வெறும் கதை என்ற எண்ணம் எனக்குள் ஊறியது அப்படித்தான். பெட்டி தூக்க வந்தவனை இரண்டு வருடத்தில் திட்டமிடும் மேசைக்கு உயர்த்தியதும் அந்த வாசிப்புத்தான். என்னைக் கவிழ்க்கப் பார்த்ததும் அதுவேதான்.

என்னை மேசைக்கு எடுத்தவர் எங்கள் பொறுப்பாளர். வேலை கேட்டு வந்தபோது அவரைப் பார்த்திருப்பீர்கள், இப்போது மேல்மாடியில் இருக்கிறார். பெயரை எழுதினால், என்னைப் பற்றி எதற்கு எழுதினாய் என்று கேட்பார். அதனால் எழுதவில்லை. என்னைவிட இரண்டு வயது இளையவர். காற்சட்டைப் பையில் எப்போதும் ஒரு சின்னக் கத்தி இருக்கும். மேலதிகாரியை, அதுவும் ஒரு பெண்ணை, பெயர் சொல்லிக் கூப்பிட எனக்கு முதல் நாலு மாதம் வாய் வரவில்லை. அவர் திரும்பிப் பார்க்கும்வரை பக்கத்தில் போய்ப் பேசாமல் நிற்பேன். ஒருநாள் பொறுக்கமுடியாமல், "நீ என்ன, கதவா? பெயரைச் சொல்லு!" என்றார்.

வேலை நிரந்தரமாகுமுன் எனக்கு மேசையில் ஆறுமாதப் பரீட்சைக் காலம். அது தை மாதத்தோடு முடியவிருந்தது. அந்த மாதத்தில் ஒரு தப்பும் வரக்கூடாது என்று நான் பயந்ததற்கு ஒரு காரணம் இருந்தது. என் மனைவி றீற்றாவும் மகள் நிறோஷாவும் மன்னாரில் இருந்தார்கள். அவர்களைக் கூப்பிட நான் போட்ட விண்ணப்பம் இரண்டு வருடத்துக்கு மேலாகக் கொப்பன்ஹேகனில் கிடந்தது. எங்கள் தமிழாக்களுடைய விண்ணப்பங்கள் எடுக்கப்படாமல் வேண்டுமென்றே கிடத்தப்பட்டிருந்தன என்பது இன்று எல்லோருக்கும் தெரியும். இந்தத் தை மாதம் டென்மார்க் அரசாங்கமே அதனால் வீட்டுக்குப் போனது. ஆனால் அன்றைக்கு எங்களுக்குத் தெரிந்ததெல்லாம், சிலருடைய கோப்பு நகரத் தொடங்கியிருக்கிறது, சிலருடையது நகரவில்லை என்பதுதான். நிரந்தர வேலை உள்ளவனுக்குக் கெதியாகக் கிடைக்கும் என்று ஞாயிறு பூசை முடிந்து கோப்பி குடிக்கும் இடத்தில் சொல்லிக்கொண்டார்கள். சட்டத்தில் அப்படி ஒன்றும் இல்லை. நான் முழுதாக நம்பினேன். என் பரீட்சைக் காலமும் என் பிள்ளையின் விசாவும் என் மனதில் ஒரே கயிற்றில் கட்டியிருந்தன.

அந்த எண்பத்தொன்பதாம் ஆண்டு மார்கழியில்தான் அமெரிக்கப் படை பனாமாவில் இறங்கியது. தொலைக்காட்சியில் எல்லோரும் பார்த்தோம். கால்வாய் மூடியது சிறிது நேரந்தான். ஆனால் இரண்டு பக்கமும் கப்பல்கள் வரிசையில் சேர்ந்துவிட்டன. எங்களுடைய கப்பலும் அதில் ஒன்று.

கிறிஸ்மஸ், புதுவருடம் எல்லாம் முடிந்து ஒரு திங்கட்கிழமை மூன்று லொறிகளில் அந்தக் காய்கள் வந்தன. பொறுப்பாளர் வியாழன்வரை விடுமுறை. போகும்போது ஒன்றே ஒன்றுதான் சொல்லிவிட்டுப் போனார்: "முதலில் வெட்டிப் பார். பிறகு எழுது."

நான் எழுதினேன். வெட்டிப் பார்க்கவில்லை.

சோம்பலால் அல்ல. லொறியோடு வந்த தாளில் எல்லாம் அழகாக இருந்தது. நிறம்: பச்சை. தரம்: நன்று. கீழே முத்திரை, கையொப்பம். காயின் தோலும் பச்சைதான். அப்படிப்பட்ட தாளை வாங்கிக்கொண்டு, அதைத் தந்த லொறிக்காரர் முன்னாலேயே கத்தியை எடுத்துக் காயை வெட்டுவது அவருடைய சொல்லைச் சந்தேகிப்பது போல எனக்குக் கூச்சமாக இருந்தது. அடுத்த திங்கள் கடைகளில் வாழைப்பழ மலிவு விற்பனை. அதற்கேற்ப நாள் கணக்குப் பார்த்துத் திட்டம் போட்டு, மூன்று அறைகளையும் நிரப்பி, கதவைப் பூட்டி, வாயுவைத் திறந்தேன். அன்று வீட்டுக்குப் போகும்போது திட்டத் தாளில் என் கோடுகள் எவ்வளவு நேராக இருந்தன என்று சூசை அண்ணைக்குப் பெருமையாகச் சொன்னதும் நினைவிருக்கிறது.

புதன் காலை வந்து பார்க்கிறேன், மூன்று அறைகளின் வெப்பமானிகளும் நான் வைத்த அளவுக்கு நாலு பாகை மேலே நின்றன. பழுக்கும் காய் தானே சூடு விடும் என்பது உங்களுக்கும் சீக்கிரம் தெரியவரும். முதல் அறையைத் திறந்தேன். மணம் முகத்தில் அடித்தது. சனிக்கிழமைதான் வரவேண்டிய மணம் அது. நடு அடுக்குகள் ஏற்கெனவே மஞ்சள். திங்கட்கிழமைக்குள் எல்லாம் கறுத்துவிடும்.

நான் கதவை மூடினேன். மூடினால் அது இல்லாமல் போய்விடும் என்பது போல.

சூசை அண்ணை பெட்டி வண்டியோடு வந்தார். என் முகத்தைப் பார்த்தார், வெப்பமானியைப் பார்த்தார்.

"என்னடாப்பா, காய்ச்சல் காய்க்கோ உனக்கோ?"

"அண்ணை, எல்லாம் பழுத்திட்டுது. திங்களுக்குத் தாங்காது."

அவர் அக்கம்பக்கம் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "குளிரை முழுக்கத் திருப்பிவிடு. அப்பிடியே நிக்கும். கடைக்குப் போனாப்பிறகு ஆர் கண்டது?"

"உள்ளுக்குக் கறுத்திடும் அண்ணை. ரெண்டு நாளில தோலும் சாம்பலாப் போயிடும்."

"போகட்டுமே. எங்கட வாசலைத் தாண்டிப் போகுது தானே. உனக்கு இந்த மாசம் முடிஞ்சால் வேலை நிரந்தரம். பிள்ளையை நினை."

அவரைக் குறைசொல்லி இதை எழுதவில்லை. என் பிள்ளையை நினைத்துத்தான் சொன்னார். நானும் பிள்ளையை நினைத்துத்தான் குளிர்த் திருகில் கையை வைத்தேன். எவ்வளவு நேரம் அப்படி நின்றேன் என்று தெரியவில்லை. நல்ல மனத்தால் கையை எடுத்தேன் என்று சொல்லமாட்டேன். அந்தக் காய்களை ஏற்கெனவே ஒருமுறை நிறுத்தி வைத்திருந்தார்கள்; அதனால்தான் இந்த நிலைமை. இன்னொருமுறை நிறுத்தினால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரிந்திருந்தது. தெரிந்துகொண்டு திருக விரல் வரவில்லை. அலுவலகத்துக்குப் போய்ப் பொறுப்பாளரின் வீட்டுக்குத் தொலைபேசி எடுத்தேன். என் டேனிஷ் அன்று ஓரிடத்திலும் நிற்கவில்லை. மூன்றாவது தடவை சொன்னபோதுதான் அவருக்கு விளங்கியது. "எதையும் தொடாதே, வாறன்" என்றார்.

அரை மணியில் வந்தார். சப்பாத்துப் பனியைக்கூடத் தட்டவில்லை. ஒரு பெட்டியைத் திறந்து, ஒரு காயை நீளவாக்கில் வெட்டி, மணந்து, என் கையில் தந்தார்.

"திங்கட்கிழமை இப்பிடி வெட்டிப் பார்த்தியா?"

"இல்லை. தாளில பச்சை எண்டு இருந்தது."

"அந்தத் தாள் எப்ப எழுதினது?"

"ஏத்தின துறைமுகத்தில."

"அதுக்குப் பிறகு?"

"கால்வாயில கன நாள் நிண்டது."

"அது உனக்குத் தெரியுமா?"

"தெரியும். டீவியில பார்த்தனான்."

அவர் கத்தியைத் துடைத்து மடித்தார். "கப்பல்தான் வரிசையில நிண்டது. காய் நிக்கேல்லை. அது தன்ர பாட்டுக்கு வளர்ந்துகொண்டு இருந்தது" என்றார். சத்தம் போடவில்லை. எனக்கு அது சத்தம் போட்டதைவிடப் பாரமாக இருந்தது.

பிறகு அவர் செய்ததைப் பாருங்கள். அறைகளைக் கொஞ்சமாகக் குளிரவிட்டுக் காற்றைத் திறந்தார். கடைகளின் பட்டியலையும் தொலைபேசியையும் என் முன்னால் தள்ளினார். "பழம் இண்டைக்கே ஆயத்தம் எண்டு சொல்லு. ஏன் எண்டு கேட்டால் உள்ளதைச் சொல்லு."

"நானா? என்ர டேனிஷ்..."

"வெட்டிப் பாக்காதது உன்ர டேனிஷா?"

நான் எடுத்தேன். முதல் மூன்று பேர் சினந்தார்கள். விற்பனைத் தாள் அச்சடித்தாயிற்று என்றார்கள். மலிவு திங்கட்கிழமை, பழம் புதன்கிழமை, இது என்ன பகிடி என்று ஒருவர் கேட்டார். நாலாவது ஆள் ஹொல்ஸ்டெப்ரோவில் ஒரு கடைக்காரர், குரலில் நிறைய ஆறுதல். கால்வாய், படை, வரிசை எல்லாவற்றையும் நான் முறித்து முறித்துச் சொல்லி முடித்தேன்.

"நீ தமிழனா?" என்றார்.

"ஓம்... யா."

"பேப்பரில வாற ஆக்கள். குடும்பம் வந்திட்டுதா?"

"இல்லை. ரெண்டு வருசத்துக்கு மேல."

அவர் வேறு யாருக்கோ ஏதோ சொல்வது கேட்டது. "சரி, அம்பது பெட்டி அனுப்பு. கதவுக்கு முன்னால வைச்சு, காத்திருந்து களைச்ச பழம், இண்டைக்கே சாப்பிடுங்கோ எண்டு எழுதிப்போடுறன்" என்றார். போனை வைக்கும்முன் சொன்னார்: "உண்மை சொன்னதுக்கு நன்றி. போன வருசம் வேற ஒருத்தன் எனக்குச் சாம்பல் பழம் அனுப்பினவன். அவனிட்ட நான் பிறகு வாங்குறேல்லை."

அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டு மற்றவர்களுக்கு எடுத்தேன். பின்னேரத்துக்குள் இரண்டு அறை முழுதும், மூன்றாவதில் பாதியும் லொறியேறிவிட்டது. மிச்சம் பக்கத்துப் பன்றிப் பண்ணைக்கு. சூசை அண்ணை அன்று இரண்டு பேரின் வேலையைச் செய்தார். மாலையில் பொறுப்பாளர் மேலங்கியைப் போட்டுக்கொண்டே என்னிடம் சொன்னார்: "வெள்ளிக்கிழமை நீ கேக் கொண்டு வா."

என் வேலை முடிந்துவிட்டது என்றுதான் நான் எடுத்துக்கொண்டேன். ஏனென்றால் அதற்கு முந்தைய மாதம், எங்கள் லொறிக்காரர் ஒருவர் வேலையை விட்டுப் போகும்போது கேக் கொண்டுவந்ததை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். பிறந்தநாள் இல்லாமல் கேக் கொண்டுவருகிறவர் இந்த நாட்டில் போகிறவர்தான் என்று நினைத்திருந்தேன். சூசை அண்ணையும் காரில் தலையை ஆட்டினார். "நல்ல மனுசி. வாயால போ எண்டு சொல்லாமல், மரியாதையாச் சொல்லியிருக்கிறா."

வியாழன், பன்றிப் பண்ணைக்குப் போகாமல் நான் எடுத்துவைத்த கனிந்த பழத்தை மாவோடு பிசைந்து, சூசை அண்ணையின் மனைவியோடு நின்று எண்ணெயில் வாய்ப்பன் சுட்டேன். கேக் வாங்க மனம் வரவில்லை. போவதென்றால் எங்கள் பலகாரத்தோடு போவோம் என்று நினைத்தேன். அகராதியை வைத்து ஒரு பக்கத்தில் பிரியாவிடைப் பேச்சும் எழுதினேன்.

வெள்ளி காலை கோப்பி நேரத்தில் எல்லோரும் வாய்ப்பனை ஒரு கையால் எடுத்து மறு கையால் தட்டிப் பார்த்துச் சாப்பிட்டார்கள். நான் எழும்பித் தாளை விரித்தேன். "அன்பான நண்பர்களே, இந்த இரண்டு வருடத்தில் நீங்கள் எனக்குச் செய்த எல்லாவற்றுக்கும் நன்றி. நான் உங்களை மறக்கமாட்டேன்..."

பொறுப்பாளரின் வாயிலிருந்த வாய்ப்பன் அப்படியே நின்றது. "எங்கே போகிறாய்?"

"நீங்கள்தானே கேக் கொண்டுவரச் சொன்னீங்கள்."

எல்லோரும் கூரை பறக்கச் சிரித்தார்கள். பிழை விட்ட ஆள் கேக் கொண்டுவருவது இங்கே வழக்கமாம். "போன மாசம் நான் ரெண்டு லொறியை மாத்தி அனுப்பினன். நானும் கொண்டு வந்தனான். நீ ரெண்டு துண்டு சாப்பிட்டனி!" என்றார் அவர். நான் சாப்பிட்டது உண்மை. அது அவருடைய பிறந்தநாள் என்று நினைத்து வாழ்த்தும் சொன்னேன். நான் வாழ்த்தியபோது அவர் ஏன் விழுந்து விழுந்து சிரித்தார் என்பது அன்றைக்குத்தான் விளங்கியது.

நான் தாளை மடித்துக்கொண்டு அழுதேன். சிரிப்பு நின்றது. சூசை அண்ணைதான் அவருக்குத் தெரிந்த டேனிஷில் சொன்னார்: இவனுக்கு வேலை போனால் பிள்ளை வராது என்ற பயம் என்று.

பொறுப்பாளர் கதிரையை என் பக்கம் இழுத்துப் போட்டார். "உன்ர வேலை எங்கேயும் போகாது. அதை இண்டைக்கே கடிதமாத் தாறன். மகளுக்கு எத்தினை வயசு?"

"ரெண்டரை."

"ரெண்டரை எண்டு எங்க இருக்கு?"

"விண்ணப்பத்தில."

அவர், பழுக்கும் அறைக்குள் கேட்ட அதே கேள்வியை மெதுவாகக் கேட்டார்.

"அந்தத் தாள் எப்ப எழுதினது?"

நான் விரலில் எண்ணத் தொடங்கினேன். நாலரை. இரண்டு வருடமாக யார் கேட்டாலும் ரெண்டரை என்றுதான் சொல்லிவந்திருக்கிறேன். அவளுக்கென்று வாங்கி அலுமாரியில் வைத்திருந்த குளிர்ச் சப்பாத்தும் ரெண்டரை வயதுக்குரியது. நான் ஒரு நாளும் பெட்டியைத் திறக்கவில்லை.

அன்று மாலையே றீற்றாவுக்கு எழுதினேன்: பிள்ளையின் காலைத் தாளில் வைத்துப் பென்சிலால் கீறி அனுப்பு. அது வந்துசேர ஐந்து கிழமை எடுத்தது. விசாக் கடிதமும் அதே கிழமையில் வந்தது. கீறிய காலை எடுத்துக்கொண்டு பொறுப்பாளரோடு கடைக்குப் போனேன். தாளில் அளந்து ஒன்றை எடுத்தேன். அவர் என்னைப் பார்த்தார். நான் அதை வைத்துவிட்டு ஒரு அளவு பெரிதாக எடுத்தேன். தன் அக்கா மகனின் பனி உடுப்பையும் அவர் தந்தார். அதையும் பெரிதாகவே தந்தார்.

அந்தப் பங்குனியில் பிலுண்ட் விமானநிலையத்துக்குச் சூசை அண்ணையின் கார்தான் போனது. றீற்றா முதலில் வெளியே வந்தாள். அவளுடைய சேலையைப் பிடித்துக்கொண்டு, நான் அறியாத ஒரு நெட்டைப் பிள்ளை. நான் விட்டுவந்த குழந்தை எங்கே என்று ஒருகணம் அவர்களுக்குப் பின்னால் பார்த்தேன். உண்மையாகவே பார்த்தேன்.

குந்தியிருந்து, அவளுடைய செருப்பைக் கழற்றி, சப்பாத்தைப் போட்டேன். அளவாக இருந்தது. அவள் சப்பாத்தைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள். கையில் ஒரு பழைய புகைப்படம் வைத்திருந்தாள். நான் புறப்படும்முன் மன்னாரில் பிடித்தது. அதில் நான் மெலிவு, அடர்ந்த மீசை, நிறைய முடி.

"இதில நிக்கிறவர் எங்க?" என்றாள்.

"நான்தான் அம்மா."

"இல்லை. இது வேற ஆள்."

சூசை அண்ணை பின்னால் நின்று பகிடி சொல்லப் பார்த்து, சொல்லாமல் விட்டார். நான் சொன்னேன்: "அது கன நாளுக்கு முன்னம் எடுத்தது பிள்ளை. அப்பா ஒரு வரிசையில நிண்டவர். நிண்டு நிண்டு இப்பிடி ஆயிட்டார்."

அவள் அதை நம்பவுமில்லை, மறுக்கவுமில்லை. புகைப்படத்தைத் தாயிடம் கொடுத்துவிட்டு, கிட்ட வந்து, என் மீசையில்லாத மேலுதட்டையும் நெற்றியையும் விரலால் தொட்டுத் தொட்டுப் பார்த்தாள்.